கோல்ட்ஃபுட்டுக்கு முதன்முறையாகக் கிளம்புகிறவர்களுக்கு: வண்டி, காகிதம், செலவு, நேரம்

அலாஸ்காவின் டால்டன் நெடுஞ்சாலையில், சாலை தொடங்கும் இடத்திலிருந்து எண்ணினால், மைல் 175-இல் இருக்கிறது கோல்ட்ஃபுட். ஆர்க்டிக் வட்டத்தைத் தாண்டி இன்னும் அறுபது மைல் வடக்கே. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அங்கே இருந்தவர்கள் 34 பேர். ஒரு பெட்ரோல் பங்க், லாரி ஓட்டுநர்கள் சாப்பிடும் ஒரு உணவகம், தங்குவதற்குச் சில அறைகள், தபால் நிலையம், சரளை ஓடுபாதை கொண்ட சின்ன விமானத்தளம், கோடையில் மட்டும் திறக்கும் பார்வையாளர் மையம். அவ்வளவுதான் ஊர். இங்கே பெட்ரோல் போடாமல் விட்டால் வடக்கே அடுத்த பங்குக்கு 240 மைல்.

அமெரிக்காவில் படிக்கவோ வேலைக்கோ வந்திருக்கும் நம்மவர்கள் பலர் அரோரா என்ற வடதுருவ வானொளியைப் பார்க்க அலாஸ்காவின் ஃபேர்பேங்க்ஸ் நகரம் வரை வருகிறார்கள். அங்கே வந்த பிறகுதான் "இன்னும் வடக்கே போகலாமே" என்று தோன்றுகிறது. அப்போது தேட ஆரம்பித்தால் வண்டியும் கிடைக்காது, அறையும் கிடைக்காது. நான் ஏற்பாடு செய்தபோது தகவல் எல்லாம் துண்டு துண்டாகத்தான் கிடைத்தது. வண்டிக்காக அலைந்த அலைச்சல் கொஞ்சநஞ்சமல்ல. நீங்கள் அந்த அலைச்சல் படவேண்டியதில்லை.

ஒன்றை மட்டும் முதலிலேயே மனதில் வையுங்கள். வழக்கமாக நாம் விமான டிக்கெட் போடுவோம், அப்புறம் ஓட்டல், கடைசியில் கார். இந்தப் பயணத்தில் அந்த வரிசை தலைகீழ். முதலில் வண்டி, அடுத்து அறை, கடைசியில்தான் டிக்கெட்.

1. வண்டியை உறுதி செய்யுங்கள்

டால்டன் சாலை பெரும்பாலும் சரளை. நடுநடுவே தார் போட்ட பகுதிகள் வரும். ஆனால் உறைபனி கீழிருந்து தள்ளித் தள்ளி அந்தத் தாரும் மேடுபள்ளமாகக் கிடக்கும். விமான நிலையத்தில் கவுண்டர் வைத்திருக்கும் பெரிய வாடகை நிறுவனங்களின் ஒப்பந்தத்தை எடுத்துப் படித்தால், தார் போடாத சாலையில் ஓட்டக்கூடாது என்ற வரி அநேகமாக எல்லாவற்றிலும் இருக்கும். சிலர் டால்டன் என்று பெயர் சொல்லியே தடுத்திருப்பார்கள்.

நான் முன்பதிவு செய்திருந்த நிறுவனம் போனில் கேட்டபோது "பிரச்சினை இல்லை" என்றது. ஒப்பந்தத்தை அனுப்பச் சொல்லிக் கேட்டு வாங்கிப் பார்த்தால் நேர்மாறாக இருந்தது. வாய்வார்த்தைக்கு மதிப்பே இல்லை. "டால்டன் நெடுஞ்சாலையில் ஓட்ட அனுமதி உண்டு" என்று எழுத்தில் இருக்கவேண்டும். எந்த மைல் வரை அனுமதி என்பதும் இருக்கவேண்டும்; சில ஒப்பந்தங்கள் ஆர்க்டிக் வட்டத்தோடு நிறுத்திவிடும், அது மைல் 115.

டால்டனுக்கென்றே வண்டி தரும் உள்ளூர் நிறுவனங்கள் ஃபேர்பேங்க்ஸில் உண்டு. எண்ணிக்கை குறைவு, வண்டிகளும் குறைவு. கோடைக்கு வேண்டுமென்றால் நாலைந்து மாதத்துக்கு முன்பே பேசிவிடுங்கள். வாடகை சாதாரணக் காரைவிட நன்றாகவே அதிகம் இருக்கும். அதற்கு மேல் அலாஸ்கா மாநிலத்தின் 10 சதவீத வாகன வாடகை வரி சேரும். விலையைப் பார்த்துப் பின்வாங்காதீர்கள். அந்தக் காசுக்குத் தடித்த டயர், முழு அளவு ஸ்டெப்னி, பல இடங்களில் லாரிக்காரர்களோடு பேச உதவும் சி.பி. ரேடியோவும் சேர்த்தே தருகிறார்கள்.

பேசும்போது கேட்கவேண்டியவை இவை. ஸ்டெப்னி எத்தனை, முழு அளவா? இரண்டு ஸ்டெப்னி, அதுவும் ரிம்மில் மாட்டியே இருப்பது நல்லது. முன்கண்ணாடியில் கல்பட்டு விரிசல் விட்டால் யார் பொறுப்பு? வண்டி நின்றுவிட்டால் இழுத்துவரும் செலவு யாருடையது? ஓட்டுநருக்குக் குறைந்தபட்ச வயது என்ன? 25 வயதுக்குக் கீழே இருந்தால் பெரும்பாலும் தரமாட்டார்கள். இரண்டு பேர் மாறிமாறி ஓட்டப்போகிறீர்கள் என்றால் இரண்டாமவரின் பெயரும் ஒப்பந்தத்தில் ஏறவேண்டும். பெயர் இல்லாதவர் ஓட்டும்போது ஏதாவது நடந்தால் காப்பீடு கைகொடுக்காது.

காப்பீட்டில்தான் பலர் ஏமாறுகிறார்கள். கிரெடிட் கார்டோடு வரும் இலவச வாடகைக் கார் காப்பீட்டை நம்பி, கவுண்டரில் எதுவும் வேண்டாம் என்று சொல்லிவிடுவோம். ஒப்பந்தத்தை மீறி ஓட்டினால் அந்தக் காப்பீடு செல்லாது. சில கார்டுகள் தார் இல்லாத சாலையையே விலக்கி வைத்திருக்கின்றன. கார்டு நிறுவனத்தைக் கூப்பிட்டு "சரளைச் சாலைக்குப் பொருந்துமா?" என்று கேளுங்கள். பதிலை மின்னஞ்சலில் வாங்கிக்கொள்ளுங்கள். கோல்ட்ஃபுட் பக்கத்திலிருந்து ஃபேர்பேங்க்ஸுக்கு வண்டியை இழுத்துவர ஆயிரக்கணக்கில் டாலர் ஆகும்.

வண்டி கிடைக்கவில்லையா, ஓட்டத் தைரியம் இல்லையா? ஃபேர்பேங்க்ஸிலிருந்து வேனிலும் சிறு விமானத்திலும் அழைத்துப்போகிறவர்கள் இருக்கிறார்கள். ஒருவருக்குச் சில நூறு டாலர் ஆகும். இங்கேயும் கவனம் தேவை: "ஆர்க்டிக் வட்டச் சுற்றுலா" என்று விற்கப்படும் ஒருநாள் பயணங்களில் பல மைல் 115-இல் பலகை முன்னால் படம் எடுத்துவிட்டுத் திரும்பிவிடும். கோல்ட்ஃபுட் அதற்கும் வடக்கே. எந்த இடம் வரை போகும் என்று கேட்டபிறகு பணம் கட்டுங்கள்.

2. தேதியைத் தேர்ந்தெடுங்கள்

அரோரா வேண்டும், சாலையும் ஓட்டக்கூடியதாக இருக்கவேண்டும் என்றால் ஆகஸ்ட் கடைசி வாரத்திலிருந்து செப்டம்பர் முதல் வாரம் வரை போங்கள். தூந்திரப் புதர்கள் சிவந்து கிடக்கும் நேரம் அது. கொசு ஓய்ந்திருக்கும். இரவும் இருட்டத் தொடங்கியிருக்கும். ஆனால் நம் ஊர்க் கணக்கில் எட்டு மணிக்கு இருட்டும் என்று காத்திருக்காதீர்கள். கோல்ட்ஃபுட்டில் கோடைகாலக் கடிகாரப்படி உண்மையான நடு இரவு அதிகாலை 2 மணியை ஒட்டித்தான் வரும். ஆகஸ்ட் கடைசியில் வானம் நன்றாக இருட்டுவது நள்ளிரவுக்கும் மூன்று மணிக்கும் இடையில். அலாரம் வைத்துக்கொண்டு சாயங்காலமே தூங்கிவிடுங்கள்.

ஜூன் மாதம் முழுக்கச் சூரியன் மறையாது. ஓட்டுவதற்கு அருமையான மாதம், அரோராவுக்கு வாய்ப்பே இல்லை. ஜூன் நடுவிலிருந்து ஜூலை கடைசி வரை கொசு மொய்க்கும். தலையை மூடும் வலை இல்லாமல் வண்டியை விட்டு இறங்கமுடியாது.

குளிர்காலத்தில் அரோராவுக்குக் குறையே இல்லை. ஆனால் மைனஸ் 40 டிகிரி அங்கே சாதாரணமாக வரும். டிசம்பரில் சூரியன் மலைக்கு மேல் தலைகாட்டாது, நண்பகலைச் சுற்றி மங்கலான வெளிச்சம் மட்டும்தான். எஞ்சினை இரவெல்லாம் மின்சாரத்தில் செருகிச் சூடாக வைத்திருக்கவேண்டும். பனிச்சாலையில் ஓட்டிப் பழகாதவர்கள் குளிர்காலத்தில் தாமாக ஓட்டிப்போவதை நான் எந்த நிலையிலும் பரிந்துரைக்கமாட்டேன். வேனிலோ விமானத்திலோ போங்கள்.

3. அறையை, அல்லது கூடாரத்தை முடிவு செய்யுங்கள்

கோல்ட்ஃபுட்டில் தங்குமிடம் ஒன்றே ஒன்று. அலாஸ்காவின் எண்ணெய்க்குழாயைப் போட வந்த பணியாளர்களின் பழைய குடியிருப்பு அது. சிறிய அறை, இரண்டு ஒற்றைக் கட்டில், குளியலறை. இரவுக்கு 200 டாலருக்கு மேல் வைத்துக்கொள்ளுங்கள். இந்த விலைக்கு ஃபேர்பேங்க்ஸில் கிடைக்கும் அறையோடு ஒப்பிட்டால் மனம் கசக்கும். ஆனால் ஒவ்வொரு பொருளும் 260 மைல் லாரியில் வந்து இறங்கும் இடத்தில் வெந்நீரும் சூடான அறையும் கிடைப்பதே பெரிய விஷயம். நேரடியாகக் கூப்பிட்டு முன்பதிவு செய்யுங்கள். ரத்து விதியையும் கேட்டுக்கொள்ளுங்கள், ஏனென்றால் மழையால் சாலை அரித்துப்போய் ஒருநாள் தாமதமாவது இங்கே நடக்கக்கூடியது.

வடக்கே 14 மைலில் வைஸ்மேன் என்ற இன்னும் சின்னக் கிராமம். பழைய மரவீடுகளில் விருந்தினர்களைத் தங்கவைக்கிறார்கள். அமைதி வேண்டுமென்றால் அது நல்ல தேர்வு. இடம் சீக்கிரம் நிரம்பிவிடும்.

கூடாரக்காரர்களுக்கு மைல் 180-இல் மேரியன் கிரீக் முகாம் இருக்கிறது. நிலமேலாண்மைத் துறை நடத்துவது. கட்டணம் சில டாலர்தான், முன்பதிவு கிடையாது, முதலில் வருகிறவர்களுக்கு இடம். ஆனால் கரடி நடமாடும் காடு. புளியோதரைப் பொட்டலமோ, பற்பசையோ, வாசனை சோப்போ எதுவும் கூடாரத்துக்குள் இருக்கக்கூடாது. எல்லாவற்றையும் கரடி திறக்கமுடியாத டப்பாவில் அடைத்துத் தூரத்தில் வைக்கவேண்டும்.

4. காகிதங்கள்

வண்டியும் அறையும் உறுதியான பிறகு ஃபேர்பேங்க்ஸுக்கு டிக்கெட் போடுங்கள். சியாட்டிலிலிருந்து நேரடி விமானம் இருக்கிறது. அங்கே மாறிப்போவது எல்லாவற்றையும்விட எளிது. வேறு நாட்டில் கால்வைக்கவேண்டியதில்லை.

இதை ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால், சொந்தக் காரிலேயே அலாஸ்கா வரை ஓட்டிப்போகலாம் என்ற ஆசை பலருக்கு இருக்கிறது. அந்தப் பாதை கனடாவுக்குள் போகிறது. இந்தியப் பாஸ்போர்ட்டோடு எஃப்-1 மாணவர் விசாவிலோ எச்-1பி வேலை விசாவிலோ இருப்பவர்களுக்குக் கனடாவின் பார்வையாளர் விசா வேண்டும்: கட்டணம் 100 கனடிய டாலர், கைரேகைப் பதிவுக்கு இன்னொரு 85. திரும்பி அமெரிக்காவுக்குள் நுழையும்போது உங்கள் அமெரிக்க விசா காலாவதியாகியிருந்தால் அது தனித் தலைவலி. கிரீன் கார்டு இருந்தால் கனடா விசா தேவையில்லை. செல்லுபடியாகும் பாஸ்போர்ட்டும் கார்டும் போதும். மற்றவர்கள் பறந்துபோவதே நல்லது.

கையில் இருக்கவேண்டியவை:

பாஸ்போர்ட். 2025 மே 7-க்குப் பிறகு உள்நாட்டு விமானத்துக்கும் ரியல் ஐடி தரத்திலான ஓட்டுநர் உரிமமோ பாஸ்போர்ட்டோ வேண்டும். உங்கள் உரிமத்தின் மூலையில் நட்சத்திரக் குறி இல்லையென்றால் பாஸ்போர்ட் போன்ற வேறு ஏற்ற அடையாளம் வேண்டும்.

குடியுரிமை இல்லாதவர்கள், 18 வயது நிரம்பியிருந்தால், தங்கள் பதிவு ஆவணத்தை எப்போதும் உடன் வைத்திருக்கவேண்டும் என்பது அமெரிக்கச் சட்டம். கிரீன் கார்டு, அல்லது ஐ-94 என்ற நுழைவுப் பதிவின் அச்சுப்பிரதி. மாணவர்கள் ஐ-20-ஐயும், வேலையில் இருப்பவர்கள் ஐ-797 நகலையும் சேர்த்துக்கொள்ளுங்கள். போனில் வைத்திருக்கிறேன் என்று விட்டுவிடவேண்டாம். போகிற வழியில் இணையம் கிடைக்காது.

ஓட்டுநர் உரிமம். அமெரிக்க மாநில உரிமம் இருந்தால் பிரச்சினையே இல்லை. ஊரிலிருந்து பெற்றோரோ நண்பரோ வந்து ஓட்டப்போகிறார்கள் என்றால், வாடகை நிறுவனம் சர்வதேச ஓட்டுநர் அனுமதி கேட்கலாம். அதை அவர்கள் கிளம்பும் முன்பே ஊரில் ஆர்.டி.ஓ. வழியாக 1000 ரூபாய் கட்டி வாங்கிவிடவேண்டும். ஓராண்டு செல்லும். அமெரிக்காவில் பணம் வாங்கிக்கொண்டு அச்சடித்துத் தரும் போலி அனுமதிகளை நம்பாதீர்கள்.

வாடகை ஒப்பந்தத்தின் அச்சுப்பிரதி, காப்பீட்டுத் தாள். கோல்ட்ஃபுட்டில் மருத்துவமனை கிடையாது. அருகிலுள்ளது ஃபேர்பேங்க்ஸ்தான். அவசரத்துக்கு விமான ஆம்புலன்ஸ் வந்தால் பில் பல்லாயிரம் டாலர் வரும். உங்கள் மருத்துவக் காப்பீடு அதை ஏற்குமா என்று பார்த்து, இல்லையென்றால் பயணக் காப்பீடு எடுங்கள். பெற்றோரை அழைத்துப்போகிறவர்கள் இதைத் தவிர்க்கவே கூடாது.

5. ஃபேர்பேங்க்ஸில் ஒரு முழு நாள் ஒதுக்குங்கள்

இறங்கிய அன்றே கிளம்பாதீர்கள். ஒருநாள் முழுக்க வேலை இருக்கிறது.

காலையில் ஊர் நடுவிலுள்ள மோரிஸ் தாம்சன் பண்பாட்டு மையத்துக்குப் போங்கள். அனுமதி இலவசம். டால்டன் பயணிகளுக்கான வழிகாட்டிப் புத்தகத்தை இலவசமாகத் தருகிறார்கள். மைல் மைலாக எங்கே கழிப்பறை, எங்கே நிறுத்தலாம் என்று எல்லாம் அதில் இருக்கிறது. மேசையில் இருப்பவர்களிடம் சாலை நிலவரம் கேளுங்கள். அலாஸ்கா 511 தளத்தையும் அன்று மாலையும் மறுநாள் காலையும் பாருங்கள். சாலைவேலை நடக்கும் இடங்களில் வழிகாட்டி வண்டிக்குப் பின்னால் வரிசையில் காத்திருக்கவேண்டி வரும்.

வண்டி எடுத்ததும் அந்த வளாகத்திலேயே ஸ்டெப்னியைக் கீழே இறக்கிப் பாருங்கள். ஜாக்கி இருக்கிறதா, வீல் ஸ்பேனர் அந்த வண்டியின் நட்டுக்குச் சரியாகப் பொருந்துகிறதா, சக்கரத்துக்குப் பூட்டு நட்டு இருந்தால் அதன் சாவி எங்கே? ஒரு நட்டையாவது உங்கள் கையால் தளர்த்தித் திரும்ப முடுக்குங்கள். இயந்திரத்தால் இறுக்கிய நட்டு சில நேரம் மனித பலத்துக்கு அசையாது. அது சாலையோரத்தில் சேற்றில் மண்டியிட்டு உட்கார்ந்திருக்கும்போது தெரியவரக்கூடாது. பிறகு வண்டியைச் சுற்றி வீடியோ எடுங்கள். முன்கண்ணாடியை நிதானமாக, வெளிச்சத்துக்கு எதிராகப் பார்த்து, ஏற்கெனவே உள்ள சிறு புள்ளியைக்கூட ஊழியரிடம் காட்டி எழுதிவாங்குங்கள்.

கரடி விரட்டும் ஸ்ப்ரேயை இங்கேதான் வாங்கவேண்டும். விமானத்தில் கைப்பையிலும் கொண்டுவரக்கூடாது, பெட்டியிலும் கூடாது. திரும்பும்போதும் அப்படியே, தங்கிய இடத்தில் அடுத்தவருக்குக் கொடுத்துவிட்டு வாருங்கள்.

சாப்பாடு. சைவம் மட்டும் சாப்பிடுகிறவர்களுக்கு இது முக்கியம். கோல்ட்ஃபுட் உணவகம் லாரிக்காரர்களுக்கானது: இறைச்சி, முட்டை, உருளைக்கிழங்கு. பட்டினி கிடக்கமாட்டீர்கள், ஆனால் வேளைக்கு வேளை அதையே சாப்பிட முடியாது. ஃபேர்பேங்க்ஸ் பெரிய கடைகளில் ரொட்டி, தயிர், பழம், கடலை வெண்ணெய் எல்லாம் கிடைக்கும். நான் சொல்வது, புளிக்காய்ச்சலும் பருப்புப்பொடியும் வீட்டிலிருந்தே கொண்டுபோங்கள். ஒரு பிளாஸ்க் இருந்தால் உணவகத்தில் வெந்நீர் நிரப்பிக்கொண்டு உடனடி உப்புமாவோ அவலோ கிளறிவிடலாம். தண்ணீர் ஆளுக்கு ஒருநாளுக்கு ஒரு கேலனாவது வண்டியில் இருக்கட்டும். கோடையானாலும் கம்பளி, தூங்கும் பை, மழைச்சட்டை. வண்டி நின்றுபோனால் அடுத்த உதவி வரும்வரை நீங்கள் வாழவேண்டியது அதில்தான்.

6. போன் வேலை செய்யாது என்று வைத்தே திட்டமிடுங்கள்

ஃபேர்பேங்க்ஸை விட்டு வடக்கே கொஞ்ச தூரத்தில் சிக்னல் போய்விடும். அதன் பிறகு சாலையின் வடமுனையான டெட்ஹார்ஸ் வரை இல்லை என்றே எண்ணிக்கொள்ளுங்கள். வரைபடத்தை முன்கூட்டியே இறக்கி வையுங்கள்.

"என் ஐபோனில் செயற்கைக்கோள் எஸ்.ஓ.எஸ். இருக்கிறதே" என்பார்கள். 62 டிகிரி அட்சரேகைக்கு வடக்கே அது வேலை செய்யாமல் போகலாம் என்று அந்த நிறுவனமே சொல்லியிருக்கிறது. கோல்ட்ஃபுட் இருப்பது 67 டிகிரியில். இரிடியம் செயற்கைக்கோள்களைப் பயன்படுத்தும் கார்மின் இன்ரீச் மாதிரியான கருவியை வாடகைக்கு எடுங்கள். துருவம் வரை எட்டும். கிளம்பும் முன் ஒரு சோதனைச் செய்தி அனுப்பிப் பாருங்கள். வீட்டில் ஒருவரிடம் உங்கள் பயணத் திட்டத்தை எழுதிக்கொடுத்து, எந்த நேரத்துக்குள் செய்தி வராவிட்டால் யாரைக் கூப்பிடவேண்டும் என்றும் சொல்லிவையுங்கள்.

சி.பி. ரேடியோ இருந்தால் 19-ஆம் சேனலில் வையுங்கள். உரிமம் எதுவும் வேண்டாம். குறுகிய ஏற்றத்துக்கு முன் "வடக்கு நோக்கி, மைல் 110, சின்ன வண்டி" என்று ஆங்கிலத்தில் சுருக்கமாகச் சொன்னால் போதும். எதிரே வரும் லாரிக்காரர் பதில் சொல்வார். இந்தச் சாலையில் உங்களுக்கு உதவக்கூடிய முதல் ஆள் அவர்தான்.

7. சாலையில்

ஃபேர்பேங்க்ஸிலிருந்து டால்டன் தொடங்கும் இடத்துக்கு 84 மைல், அங்கிருந்து கோல்ட்ஃபுட்டுக்கு 175. மொத்தம் 259 மைல், ஏறக்குறைய 417 கிலோமீட்டர். நிற்காமல் போனாலே ஆறு மணி நேரம் ஆகும். ஒன்பது மணி நேரம் ஒதுக்கிக் காலையில் கிளம்புங்கள். வேக வரம்பு மணிக்கு 50 மைல். மழைக்குப் பின் அதுவே அதிகம்.

ஃபேர்பேங்க்ஸுக்கு வடக்கே ஃபாக்ஸ் என்ற சிற்றூரைத் தாண்டியதும் டேங்கை நிரப்பிக்கொள்ளுங்கள். அடுத்தது யூக்கான் ஆற்றங்கரையில், டால்டன் மைல் 56. கோடையில் மட்டும்தான் அங்கே பெட்ரோலும் சாப்பாடும் கிடைக்கும். பாதி டேங்க் இருந்தாலும் அங்கே நிரப்புங்கள். யூக்கான் பாலத்தின் தளம் மரப்பலகை, அதுவும் சரிவாக இறங்கும். மழையில் வழுக்கும். பாலத்தில் நின்று படம் எடுக்கவேண்டாம்.

லாரிகள் தொடர்பான பழக்கம்தான் இந்தச் சாலையில் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. இது அவர்களுடைய சாலை. வடக்கே எண்ணெய் வயல்களுக்குச் சரக்கு கொண்டுபோகிறவர்கள். எதிரே ஒரு லாரி தெரிந்தால் வேகத்தை நன்றாகக் குறைத்து வலது ஓரம் ஒதுங்குங்கள். தேவைப்பட்டால் நின்றேவிடுங்கள். கல் தெறித்து உங்கள் கண்ணாடியில் எவ்வளவு வேகமாக மோதுகிறது என்பது உங்கள் வேகத்தையும் பொறுத்ததுதான். பின்னால் லாரி வந்தால், பார்வை எட்டும் அகலமான இடத்தில் ஒதுங்கி வழிவிடுங்கள். ஏற்றத்தில் ஒருபோதும் நிறுத்தாதீர்கள். "ரோலர் கோஸ்டர்", "பீவர் ஸ்லைடு" என்று அவர்கள் பெயர் வைத்திருக்கும் மேடுகளில், கீழிருந்தே வேகமெடுத்து வந்தால்தான் லாரி ஏறும். நடுவில் நீங்கள் நின்றால் அவருக்கு வேறு வழியில்லை.

மான் நின்றாலும் கரடி நின்றாலும் சாலை நடுவில் பிரேக் போடாதீர்கள். முகப்பு விளக்கு பகலிலும் எரியட்டும். சாலையில் தூசி படியக் கால்சியம் குளோரைடு தெளிக்கிறார்கள். நனைந்தால் அது பசைபோலச் சேறாகிப் பின்விளக்கு முழுக்க அப்பிக்கொள்ளும். ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஒரு துணியை நனைத்து விளக்குகளையும் எண் பலகையையும் துடையுங்கள். பின்னால் தூசிக்குள் வருகிற லாரிக்கு உங்கள் சிவப்பு விளக்கு மட்டும்தான் தெரியும்.

எண்ணெய்க்குழாய் சாலைக்குப் பக்கத்திலேயே வரும். அதன் பராமரிப்புப் பாதைகளின் வாசலை அடைத்து வண்டியை நிறுத்தக்கூடாது.

8. கோல்ட்ஃபுட்டில்

வந்ததும் முதல் வேலை பெட்ரோல். ஃபேர்பேங்க்ஸ் விலையைவிடக் கேலனுக்கு ஒன்றிரண்டு டாலராவது கூட இருக்கும். கணக்கு இப்படி: போகவர 518 மைல், கேலனுக்கு 18 மைல் தரும் வண்டி என்றால் ஏறக்குறைய 29 கேலன். கோல்ட்ஃபுட்டிலிருந்து வடக்கே ஒருநாள் சுற்றினால் இன்னும் எட்டு கேலன் சேர்த்துக்கொள்ளுங்கள்.

சாலைக்கு அந்தப் பக்கம் இருக்கும் ஆர்க்டிக் பார்வையாளர் மையம் மே கடைசியிலிருந்து செப்டம்பர் நடுவரை திறந்திருக்கும். கட்டணம் இல்லை. அங்கே இருக்கும் ஊழியர்களிடம் வடக்கே சாலை எப்படி, கரடி எங்கே தென்பட்டது என்று கேட்டுவிட்டுப் போங்கள். கூடாரக்காரர்களுக்குக் கரடி டப்பா இரவலாகத் தருகிறார்கள்.

அரோராவுக்கு உணவகத்தின் விளக்குகளை விட்டு விலகி நிற்கவேண்டும். லாரிகள் நிறுத்தும் இடத்தில் இரவெல்லாம் எஞ்சின் ஓடும், முகப்பு விளக்கும் வரும். அரோராவின் வலிமையைச் செயலியில் காட்டும் எண்ணைப் பார்த்துக் கவலைப்படாதீர்கள். இந்த அட்சரேகையில் குறைந்த எண்ணிலும் தெரியும். மேகம் இருக்கிறதா என்பதுதான் கேள்வி. அதனால் ஒரே இரவு தங்குவதாகத் திட்டமிடாதீர்கள். இரண்டு இரவாவது, முடிந்தால் மூன்று.

9. அதற்கும் வடக்கே போகலாமா?

முதல் முறை போகிறவர்களுக்கு என் பரிந்துரை: மைல் 203-ஐ ஒட்டி எழும் சுகாக்பாக் மலை வரை கட்டாயம் போங்கள். வானம் தெளிவாக இருந்தால் மைல் 244-இல் உள்ள அட்டிகன் கணவாய் வரை. 4,739 அடி உயரம். மரங்கள் முற்றிலும் நின்றுபோய் வெறும் மலையும் தூந்திரமுமாக ஆகிவிடும் இடத்தை அந்த வழியிலேயே பார்த்துவிடலாம். கோல்ட்ஃபுட்டிலிருந்து போகவர 138 மைல். ஆகஸ்டிலும் கணவாயில் பனி விழும். மேகம் இறங்கியிருந்தால் திரும்பிவிடுங்கள்.

டெட்ஹார்ஸ் வரை போவதற்கு நான் அவ்வளவு ஆதரவு இல்லை. 239 மைலுக்குப் பெட்ரோலே கிடையாது. கடைசியில் ஆர்க்டிக் கடல் கண்ணில் படும் என்று நினைத்தால் அதுவும் இல்லை. பொதுச்சாலை கடலுக்குச் சில மைல் முன்பே முடிந்துவிடும். மிச்சம் எண்ணெய் வயல், பாதுகாப்பு வாசல். அடையாள விவரங்களை முன்கூட்டியே கொடுத்து, ஏற்பாடு செய்த வண்டியில் மட்டும்தான் உள்ளே போகமுடியும். பாஸ்போர்ட் விவரம் அனுப்பி அனுமதி வந்த பிறகு அந்தத் தூரத்தை ஓட்டுங்கள். அங்கே போய்க் கேட்டுக்கொள்ளலாம் என்று கிளம்பாதீர்கள்.

10. திரும்பி ஒப்படைக்கும்போது

ஃபேர்பேங்க்ஸ் திரும்பும் நாளன்றே விமானம் வைத்துக்கொள்ளாதீர்கள். இடையில் ஒரு இரவு விடுங்கள். பஞ்சர், சாலைவேலை, மழை, ஏதாவது ஒன்று நேரத்தை விழுங்கும்.

ஒப்பந்தத்தில் துப்புரவுக் கட்டணம் என்று ஒரு வரி இருக்கும். அந்தச் சேறு காய்ந்தால் இறுகிவிடும். நீங்களே உயர் அழுத்தத் தண்ணீர் உள்ள இடத்தில், சக்கரத்தின் உள்பக்கம், வண்டியின் அடிப்பக்கம் எல்லாம் அடித்துக் கழுவி, நன்கு காயவைத்து, பழையபடி வீடியோ எடுங்கள். கழுவிய ரசீதையும் வைத்துக்கொள்ளுங்கள். கழுவாமல் கொடுத்தால் சேற்றுக்கு அடியில் என்ன கீறல் இருந்தது என்று பின்னால் யாரும் நிரூபிக்கமுடியாது.

ஊழியர் வண்டியைச் சுற்றிப் பார்த்துக் கையெழுத்துப் போடும்வரை அங்கேயே நில்லுங்கள். முன்கண்ணாடியில் புதிதாகப் புள்ளி விழுந்திருந்தால் நீங்களே காட்டி, அன்றைய தேதியோடு படிவத்தில் எழுதச் சொல்லுங்கள். கிரெடிட் கார்டு காப்பீட்டில் கோரப்போகிறீர்கள் என்றால் பழுது மதிப்பீடு, வாடகை ஒப்பந்தத்தின் முழுப் பிரதி, பணம் கட்டிய விவரம் மூன்றையும் அங்கேயே கேட்டு வாங்குங்கள். முன்பணமாகப் பிடித்துவைத்த தொகை கார்டுக்குத் திரும்பச் சில நாள் ஆகலாம், வந்துவிட்டதா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.